கக்கூஸ் கட்டியும் காட்டுக்குத்தான் போறாங்க, என்ன பண்றது?

கேள்வி: எங்க ஊர்ல தூய்மை பாரத திட்டத்துல 12,000 ரூபா மானியம் வாங்கி கட்டின கக்கூஸ் பலதுல விறகுதான் அடுக்கி வச்சிருக்காங்க, கேட்டா குழி நெறஞ்சா யாரு அள்றதுன்னு பயப்படுறாங்க. பொம்பளப் புள்ளைங்க இருட்டுற வரைக்கும் அடக்கிட்டு இருக்குதுங்க, மனசு கேக்கல. எப்படி புரியவைக்கிறது?

பதில்: ரெட்டைக்குழி போடச் சொல்லுங்க நண்பா. ஒண்ணு நெறஞ்சதும், குழாய் ரெண்டு குழிக்கும் பிரியுற சேம்பர்ல (சின்னத் தொட்டி) அந்தப் பக்கத்த அடைச்சு அடுத்த குழிக்கு திருப்பி விடணும், மூடின குழி ரெண்டு வருஷம் கெடந்தா நாத்தமே இல்லாத மண்ணா ஆயிடும், வாழைக்குப் போடலாம். அடியில மட்டும் கான்கிரீட் போட விடாதீங்க, தண்ணி மண்ணுல எறங்கணும், சுவத்துலயும் செங்கல இடைவெளி விட்டுத்தான் கட்டணும். கொத்தனார் பக்கத்துலயே நில்லுங்க.

பதில்: கிணறு, போர்ல இருந்து 10 மீட்டராவது தள்ளி தோண்டுங்க. மக்காத மலத்த ஆள விட்டு அள்ளுறத 2013 சட்டமே தடை பண்ணிருக்கு, அந்தப் பேச்சே வேணாம்.

பதில்: தண்ணிய மறந்துட்டீங்களே! தெருக்குழாய்ல குடம் தூக்குறவங்க பக்கெட் பக்கெட்டா ஊத்துவாங்களா? சரிவு அதிகமான கிராமத்து பேசின் (கக்கூஸ் கோப்பை) வைங்க, ஒரு தடவைக்கு ரெண்டு லிட்டரே போதும். அப்புறம் வீட்டு ஆம்பளைங்ககிட்ட பேசுங்க, காட்டுக்குப் போறத விடாதவங்க பெரும்பாலும் அவங்கதான்.