பெரிய சிலந்தி எது: செத்துப் புதைந்ததா, இன்றைக்கு உயிரோடு இருப்பதா?

நட்டுவாக்காலி: இன்றைய சிலந்தி எல்லாம் சும்மா. கார்பானிஃபெரஸ் காலத்தில், அதாவது சுமார் 36 முதல் 30 கோடி ஆண்டுகளுக்கு முன்னால், காற்றில் ஆக்சிஜன் கூடுதல், பூச்சி புழு எல்லாம் பூதாகரமாக வளர்ந்த காலம் அது. அர்ஜென்டினாவில் கிடைத்த மெகாராக்னே காலை விரித்தால் அரை மீட்டர். இதற்கு மேல் என்ன வேண்டும்?

வலைப்பின்னி: அந்தக் கதை 2005-லேயே முடிந்துவிட்டது நண்பரே. 1980-இல் தொல்லுயிரியலாளர் ஹூனிக்கன் அதைச் சிலந்தி என்று அறிவித்தார். அப்புறம் இன்னொரு புதைபடிவம் கிடைத்தது, அவரும் சேர்ந்து எழுதிய கட்டுரையிலேயே அது யூரிப்டெரிட், அதாவது கடல்தேள் எனப்படும் அழிந்துபோன நீர்வாழ் உயிரின வகை என்று சொல்லிவிட்டார்கள். உறுதியான புதைபடிவச் சிலந்திகளில் பெரியது உள்மங்கோலியாவின் மங்கோலராக்னே, ஜுராசிக் காலத்தது. உடல் சுமார் 2.5 செ.மீ., காலோடு சேர்த்து 15 செ.மீ. வரும், அவ்வளவுதான். வெனிசுவேலா, கயானா காடுகளில் இருக்கும் கோலியாத் சிலந்திக்குக் கால் விரிப்பே 28 செ.மீ.

நட்டுவாக்காலி: கிடைக்கவில்லை என்றால் இருந்ததே இல்லையா? சிலந்தியின் வயிறு மெத்தென்று இருக்கும், பாறையில் பதிவதே அபூர்வம். தேளைப் பாருங்கள். தென்னிந்தியா, இலங்கையில் உள்ள பெரிய கருந்தேள் 20 செ.மீ. வந்தாலே உலகின் நீளமான தேள்களில் ஒன்று என்கிறோம். ஸ்காட்லாந்தின் ஈஸ்ட் கிர்க்டனில் கிடைத்த 33 கோடி ஆண்டு பழைய தேளான புல்மோனோஸ்கார்ப்பியஸ் 70 செ.மீ. தேள் அப்படி வளர்ந்தபோது சிலந்தி மட்டும் குட்டியாகவா இருந்திருக்கும்?

வலைப்பின்னி: அது ஊகம், புதைபடிவம் இல்லை. ஆக்சிஜன்தான் காரணம் என்பதும் இடிக்கிறது. ஜெர்மனியில் 46 செ.மீ. நீள இடுக்கி ஒன்று கிடைத்தது, அதை வைத்து யேகலாப்டெரஸ் என்ற கடல்தேளுக்கு 2.5 மீட்டர் உடல் என்று கணக்குப் போட்டார்கள். அது 39 கோடி ஆண்டுகள் பழையது, நீங்கள் சொல்லும் ஆக்சிஜன் உச்சத்துக்கு வெகு முன்னால்.

எட்டுக்கால்: கோலியாத்துக்குப் பட்டம் கொடுத்தது யார்? லாவோஸ் குகைகளில் இருக்கும் ஹெட்டரோபோடா மாக்ஸிமா என்ற சிலந்திக்குக் கால் விரிப்பு 30 செ.மீ. 2001-இல்தான் பெயரே வைத்தார்கள்.

வலைப்பின்னி: அதன் உடல் 4.6 செ.மீ., மிச்சமெல்லாம் கால். கோலியாத் 170 கிராம் வரை போகும். என் கணக்கு எடைதான்.

எட்டுக்கால்: முருங்கைக்காயை அளக்கச் சொன்னாலும் தராசோடு வருவீர்கள் போல.

நட்டுவாக்காலி: கண் முன்னால் இருப்பதில் எது பெரிது என்றே உங்கள் இருவருக்கும் ஒத்துப்போகவில்லை. இதில் 33 கோடி ஆண்டுக்கு முன்னால் பெரிய சிலந்தி இல்லவே இல்லை என்று எப்படி அடித்துச் சொல்கிறீர்கள்?

வலைப்பின்னி: இல்லவே இல்லை என்று எங்கே சொன்னேன்? ஒரு காலையாவது காட்டுங்கள் என்கிறேன்.