பாபி ராப்சனின் உண்மையான சாதனை எது?

நள்ளிரவு ஆட்டம்:
நண்பர்களே, இங்கிலாந்து கால்பந்துப் பயிற்சியாளர் சர் பாபி ராப்சன் என்றாலே 1986 உலகக் கோப்பையில் மரடோனா கையால் போட்ட கோல், 1990 உலகக் கோப்பை அரையிறுதியில் மேற்கு ஜெர்மனியிடம் பெனால்டியில் தோற்றது, இந்த இரண்டையும்தான் எல்லோரும் சொல்கிறார்கள். எட்டு வருடம் இங்கிலாந்து பயிற்சியாளர், ஒரு பெரிய கோப்பைகூட இல்லை. ஆனாலும் பழைய ரசிகர்கள் அவரைத் தலையில் தூக்கி வைத்துக் கொண்டாடுவது ஏன்? ஆட்டக்காரராக எப்படி இருந்தார்?

இடதுகால்:
ஆட்டக்காரராக நல்ல பெயர்தான். ஃபுல்ஹாம், வெஸ்ட் பிராம் என்ற இங்கிலாந்து கிளப்புகள் இரண்டிலும் ஆடினார். இங்கிலாந்துக்கு 20 ஆட்டம், 1957-ல் பிரான்ஸுக்கு எதிரான முதல் ஆட்டத்திலேயே இரண்டு கோல். 1962 உலகக் கோப்பை சமயத்தில் காயம்பட, அந்த இடத்துக்கு வந்த இளைஞர், பின்னாளில் 1966 உலகக் கோப்பையை வென்ற கேப்டன் பாபி மூர், அப்புறம் இடம் திரும்பக் கிடைக்குமா?

ஆனால் ராப்சனை எடைபோட வேண்டிய இடம், அவர் பயிற்சியாளராக இருந்த இப்ஸ்விச். 1969-ல் போய்ச் சேர்ந்தவர் 13 வருடம் அங்கேயே இருந்தார். பெரிய பணமில்லாத சின்ன ஊர் அணி, வெளியிலிருந்து அதிகம் பேரை வாங்காமல் பையன்களை வளர்த்தே ஆளாக்கினார். 1978 எஃப்ஏ (இங்கிலாந்து கால்பந்து சங்கம்) கோப்பை இறுதியில் ஆர்சனலை 1-0 என்று ஜெயித்தார்கள். கோல் போட்ட ரோஜர் ஆஸ்பர்ன் அந்தப் பரவசத்திலும் வெயிலிலும் தலைசுற்றிப்போய் உடனே வெளியே வரவேண்டியதாயிற்று! 1981-ல் ஐரோப்பிய கிளப்புகளுக்கான யூஃபா கோப்பை, அந்தத் தொடரில் ஜான் வார்க் மட்டும் 14 கோல், அதுவும் மிட்ஃபீல்டில் ஆடிக்கொண்டு. லீக்கில் அடுத்தடுத்து இரண்டு வருடம் இரண்டாமிடம்.

கார்னர் கொடி:
சகோ, இப்ஸ்விச் பெரிசுதான், மறுக்கவில்லை. ஆனால் எனக்கு வெளிநாட்டில் அவர் செய்ததுதான் ஒரு படி மேலே. நெதர்லாந்தின் பிஎஸ்வி கிளப்பில் இரண்டு லீக் பட்டம். அடுத்துப் போன போர்ச்சுகலின் ஸ்போர்ட்டிங் லிஸ்பன் லீக்கில் முதலிடத்தில் இருக்கும்போதே, ஐரோப்பியப் போட்டியில் சால்ஸ்பர்க்கிடம் தோற்றதற்காக 1993 டிசம்பரில் அவரை அனுப்பிவிட்டார்கள். நேராக போர்ட்டோ போனார், 1994 போர்ச்சுகல் கோப்பை இறுதியில் அதே ஸ்போர்ட்டிங்கைத் தோற்கடித்தார், அப்புறம் தொடர்ந்து இரண்டு லீக். ஸ்போர்ட்டிங்கில் அவருக்கு மொழிபெயர்ப்பாளராக வந்து, பின்னாளில் பெரிய பயிற்சியாளரான ஜோசே மொரினியோவைக் கூடவே போர்ட்டோவுக்கும் பார்சிலோனாவுக்கும் கூட்டிப்போனதை மறந்துவிடாதீர்கள். பார்சிலோனாவில் ஒரே சீசன், மூன்று கோப்பை. கொம்போஸ்டெலா அணிக்கு எதிராக பிரேசில் ரொனால்டோ பாதி மைதானத்தையும் கடந்து ஓடிப்போய் போட்ட கோலைப் பாருங்கள், கோட்டோரத்தில் ராப்சன் இரண்டு கையையும் தலையில் வைத்துக்கொண்டு நிற்பார்.

நள்ளிரவு ஆட்டம்:
அருமை, இருவருக்கும் நன்றி. அப்படிப்பட்டவரை 1990-க்குப் பிறகு இங்கிலாந்து ஏன் விட்டது?

இடதுகால்:
விட்டது இல்லை, ஒப்பந்தத்தை நீட்டிக்க எஃப்ஏ முன்வரவே இல்லை. சரி, வேலை வேண்டுமே என்று அவர் பிஎஸ்வியிடம் பேசினார், அதற்கு உலகக் கோப்பை தொடங்குவதற்கு முன்பே சில பத்திரிகைகள் துரோகி என்கிற அளவுக்கு எழுதின. அந்த நிலையில்தான் அணியை அரையிறுதி வரை கொண்டுபோனார், 1966-க்குப் பிறகு இங்கிலாந்து அவ்வளவு தூரம் போனதே அதுதான் முதல் தடவை. இங்கிலாந்தின் நியூகாசில் கிளப்பிலும் அதே கதை. 1999-ல் லீக் அட்டவணையின் அடியில் கிடந்த அணியின் பொறுப்பை ஏற்று, சொந்த மைதானத்தில் ஆடிய முதல் லீக் ஆட்டத்திலேயே ஷெஃபீல்டு வெட்னெஸ்டேயை 8-0 என்று அடித்தார், 2003-ல் மூன்றாமிடம். மறு சீசன் ஐந்தாமிடம், 2004 ஆகஸ்டில் நீக்கிவிட்டார்கள். எனக்கு இன்றும் ஆறாத கோபம் அது.