உருவம் மாறும் படிகத்துக்கு ஒரு சொல் – வெள்ளிக்கிழமைக்குள்

குழுவினருக்கு வணக்கம்.

சிறுவர்களுக்கான மாயக்கதை ஒன்றை மொழிபெயர்த்துக்கொண்டிருக்கிறேன். அதில் வரும் மலைநாட்டில் ஒரு படிகம் வெட்டி எடுக்கிறார்கள். சூடேற்றினால் வாளாகும், ஆறவிட்டால் கிண்ணமாகும், கோபக்காரன் தொட்டால் முள்முள்ளாக விரியும். மூலத்தில் அதற்குச் சின்னதாக ஒரு பெயர். நூறு இடத்துக்கு மேல் வருகிறது, பாதி இடங்களில் கொல்லர்கள் வாயில். 'உருமாற்றுப் படிகம்' என்று போட்டுப் பார்த்தேன். பட்டறையில் நிற்கிறவன் "அந்த உருமாற்றுப் படிகத்தை எடுடா" என்றால் அவன் கொல்லன் இல்லை, வேதியியல் வாத்தியார். வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போக வேண்டும். உதவுங்கள்.

*

முதலில் ஒரு திருத்தம். 'மாற்று' பிறவினை. மின்மாற்றி மின்னழுத்தத்தை மாற்றும், தான் மாறாது. உங்கள் கல்லோ தானே மாறுகிறது. 'மாறுபடிகம்' என்று வினைத்தொகையாக வையுங்கள். ஊறுகாய், சுடுகாடு போல முக்காலத்துக்கும் நிற்கும். நேற்று கிண்ணம், இன்று வாள், நாளை என்னவோ என்கிற பொருளுக்கு இதைவிடப் பொருத்தமான தொகை உண்டா?

*

படிகம் ஏன்? இலங்கையில் நாங்கள் பளிங்கு என்றே படித்தோம். பாடசாலை ஆய்வுகூடத்தில் நூலில் கட்டித் தொங்கவிட்டு நான் வளர்த்தது செப்புசல்பேற்றுப் பளிங்கு. நாலு நாள் யாரையும் கிட்ட விடவில்லை. பளிங்கு என்று போடுங்கோ, தம்பி. குறளிலேயே இருக்கிற சொல்.

*

யாழ்ப்பாணத்து ஐயா மன்னிக்க வேண்டும். தமிழ்நாட்டில் பளிங்கு என்றால் மார்பிள், தரைக்குப் பதிப்பது. பளிங்கு வாளாக மாறியது என்று எழுதினால், தாஜ்மகாலில் ஒரு துண்டை உடைத்துச் சாணை பிடித்தார்கள் என்று பிள்ளைகள் நினைப்பார்கள்.

*

நினைத்தால் நினைக்கட்டும். படிகம் வடசொல், ஸ்படிகத்தின் தலையை வெட்டியது. பளிங்கு தூய தமிழ். வேர் 'பள்'. பளபள, பளீர், பளிச்சு எல்லாம் அதில் பிறந்தவை. பள்ளத்தில் தேங்கிய நீர் வெயிலில் பளபளப்பதை ஆதித்தமிழன் பார்த்தான், அதனால் பள்ளமும் இதே வேர்தான். பளிங்கு முதலில் நீரைக் குறித்தது என்பது என் துணிபு. விரிவாகத் தனி மடலில் எழுதுகிறேன்.

*

எழுத வேண்டாம், நண்பரே. ஸ்படிகம் பாலி மொழியில் 'பளிக' என்றாகிறது. மணிமேகலை ஒளிந்துகொண்ட பளிங்கு அறையான பளிக்கறையில் அந்த ஒலி அப்படியே இருக்கிறது. படிகமும் பளிங்கும் ஒரு தாய் வயிற்றுப் பிள்ளைகள். அதனால் என்ன? வடவெழுத்து ஒரீஇ, அதாவது நீங்கி, வந்தால் தமிழ்ச்சொல்லே என்று தொல்காப்பியர் எப்போதோ முடித்துவிட்டார்.

மணிமேகலை என்றதும் நினைவுக்கு வருகிறது. பளிக்கறைக்குள் ஒளிந்த அதே பெண்தான் பிற்பாடு மந்திரத்தால் காயசண்டிகை என்ற இன்னொரு பெண்ணின் உருவம் கொள்கிறாள். பளிங்கும் வேற்றுருவும் ஒரே காப்பியத்தில்! 'வேற்றுருப் பளிங்கு' என்றால் எப்படி?

*

அழகு, ஐயா. ஆனால் ஒன்பது எழுத்து. கொல்லன் அதைச் சொல்லி முடிப்பதற்குள் கல் ஆறிக் கிண்ணமாகிவிடும்.

*

நான் உலோகவியல் படித்தவன். இலக்கணத்தில் தலையிடவில்லை. நிஜத்திலேயே இப்படி ஒரு பொருள் இருக்கிறது: நிட்டினால் என்னும் உலோகக்கலவை. வளைத்துவிட்டுச் சூடாக்கினால் பழைய வடிவத்துக்கே திரும்பிவிடும். உள்ளே படிக அமைப்பு மாறுவதுதான் காரணம். அந்தப் பெயரில் என்ன இருக்கிறது தெரியுமா? நிக்கலின் குறியீடு, டைட்டேனியத்தின் குறியீடு, அது கண்டறியப்பட்ட அமெரிக்கக் கடற்படை ஆய்வகத்தின் முதலெழுத்துகள். அவ்வளவுதான். கண்டுபிடித்தவர்களே இடுகுறிப் பெயர் மாதிரி வைத்துவிட்டுப் போய்விட்டார்கள். நாம் கதையில் வரும் கல்லுக்குக் காரணப்பெயர் தேடுகிறோம். மண், மரம் மாதிரி சும்மா ஒரு பெயர் வைத்தால் என்ன?

*

சும்மா வைக்க யாருக்கும் மனசு வராது, அதுதான் நம் குழுவின் நோய். நான் ஏழாம் வகுப்பில் கேட்டுப் பார்த்தேன். ஒரே குரலில் 'பச்சோந்திக்கல்' என்றார்கள்.

*

டீச்சர், பச்சோந்தி மாற்றுவது நிறத்தை, உருவத்தை அல்ல. தவிர, கட்சி மாறுகிறவர்களைத் திட்டியே அந்தச் சொல் தேய்ந்துவிட்டது. 'நெகிழ்மணி'? சரி வேண்டாம், 2019 பிளாஸ்டிக் தடைக்குப் பிறகு நெகிழி என்றாலே குப்பைதான் ஞாபகம் வருகிறது. 'மாறுமணி' என்று வைக்கலாமே. வினைத்தொகை, நான்கே எழுத்து, படிகமா பளிங்கா என்ற சண்டையும் இல்லை.

*

எங்கள் ஊரில் மாறு என்றால் பருத்தி மாறு, விளக்குமாறு. கொல்லன் மாறுமணி கேட்டால் துடைப்பத்தைத்தான் கொடுப்பேன்.

*

வியாழன் இரவு. மாறுமணிக்கு ஐந்து பேர், பளிங்குக்கு இரண்டு, பச்சோந்திக்கல்லுக்கு ஒரு வகுப்பு முழுக்க. பதிப்பகத்திலிருந்து இரண்டு முறை அழைத்துவிட்டார்கள். மாறுமணி என்றே அனுப்பிவிட்டேன். எல்லோருக்கும் நன்றி. துடைப்ப அண்ணனிடம் மன்னிப்பு.

*

தம்பி, அனுப்பினது சரி. 706ஆம் குறளை ஒருக்கா முழுதாக வாசித்துப் பாருங்கோ. "அடுத்தது காட்டும் பளிங்குபோல் நெஞ்சம் கடுத்தது காட்டும் முகம்." பக்கத்தில் இருப்பதைத் தன்னில் காட்டுகிற பளிங்கு, உள்ளே இருக்கிற கோபத்தைக் காட்டுகிற முகம். கோபக்காரன் தொட்டால் முள்ளாகிற கல்லுக்கு வேறு பெயரா தேடினீர்கள்? புத்தகம் வந்ததும் பேரனுக்கு வாசித்துக் காட்டுவேன். மாறுமணி வருகிற இடமெல்லாம் பளிங்கு என்றுதான் வாசிப்பேன்.