1970களின் மின்சாரத் தபால் ஜீப் ஏன் நிலைக்கவில்லை?

பழைய ஜீப்:
அமெரிக்கத் தபால்காரர்கள் ஒரு காலத்தில் ஓட்டிய, வலப்பக்கம் ஸ்டியரிங் வைத்த டிஜே-5 ஜீப்பைப் பற்றித் தேடும்போது, அதில் பேட்டரியில் ஓடும் ஒரு வகையும் இருந்தது என்று கண்ணில் பட்டது. டிஜே-5இ, எலக்ட்ரக் என்று பெயர், ஏஎம் ஜெனரல் தயாரிப்பு, 1970களின் நடுப்பகுதி. நூற்றுக்கணக்கில் வாங்கியிருக்கிறார்கள், அதனால் சும்மா ஒன்றிரண்டு செய்து பார்த்த கதையும் இல்லை. பிறகு ஏன் பெட்ரோலுக்கே திரும்பினார்கள்? எண்ணெய் கம்பெனிகளின் சதி என்ற பதில் மட்டும் வேண்டாம், அது போதும் போதும் என்கிற அளவுக்குப் படித்தாயிற்று.

மின்கம்பி:
350க்குச் சற்று மேல் வாங்கினார்கள். 1973 அக்டோபரில் எண்ணெய் நெருக்கடி வந்து, பீப்பாய் 3 டாலர் சுமாருக்கு இருந்த கச்சா எண்ணெய் சில மாதங்களில் 12 டாலரை நெருங்கியதும் ஆர்டர் சூடு பிடித்தது. ஆனால் யோசனை அதற்கு முன்பே இருந்தது. கலிபோர்னியாவில் கூப்பர்டினோவில் இங்கிலாந்தின் ஹார்பில்ட் மின்வண்டிகளைத் தபால் போட ஓட்டிப் பார்த்திருந்தார்கள். ஹார்பில்ட், வீடுவீடாகப் பால் போடும் பேட்டரி வண்டிகள் செய்து பழகிய கம்பெனி, பால் போன வழியில் கடிதமும் போகாதா என்ன.

எலக்ட்ரக்கில் இருந்தது 54 வோல்ட் லெட்-ஆசிட் பேட்டரி, கூல்ட் கம்பெனியுடையது. உச்ச வேகம் மணிக்கு 33 மைல் சுமார். ஒரு சார்ஜில் சுமார் 29 மைல், அதுவும் 300 முறை நின்று நின்று கிளம்பி. தபால் ரூட்டுக்கு அது தாராளம்.

சர்க்யூட் மணி:
வேலைக்குப் பொருத்தம் என்று பார்த்தால் குறையே இல்லை. ஒவ்வொரு தபால் பெட்டியருகிலும் பெட்ரோல் எஞ்சின் நின்றபடியே எண்ணெய் குடிக்கும், மோட்டார் குடிக்காது. போகிற தூரம் தினமும் ஒன்றுதான், சாயங்காலம் அதே கொட்டகைக்குத் திரும்பி வரும், இரவெல்லாம் சார்ஜில் போட்டுவிடலாம்.

காலை வாரியது பேட்டரிதான். குளிர் ஏற ஏற லெட்-ஆசிட்டுக்குள் வேதிவினை மந்தமாகும், உறைநிலைக்குக் கீழே போனால் அதன் திறனில் கணிசமான பங்கு கைக்கு வராது. அதனால்தான் பெரும்பாலான எலக்ட்ரக்குகள் கலிபோர்னியாவோடு நின்றன. அமெரிக்காவில் பாதி ஊர்களில் பனிக்காலம் எப்படி என்று சொல்ல வேண்டியதில்லை. கூடுதலாக பேட்டரி வைத்தால் ஆகாதா என்றால், ஒரு கிலோ எடைக்கு 30, 40 வாட்-மணி மின்சாரம் மட்டுமே தருகிற சமாச்சாரம் அது, ஏற்றிய பேட்டரியைச் சுமக்கவே பாதி சக்தி போய்விடும்.

அப்புறம் பராமரிப்பு. 54 வோல்ட் என்றால் 2 வோல்ட் செல் 27. ஒவ்வொன்றின் மூடியையும் திறந்து டிஸ்டில்டு வாட்டர் அளவு பார்க்க வேண்டும். 350 வண்டிக்குக் கணக்குப் போட்டால் ஒன்பதாயிரத்துச் சொச்சம் மூடி!

பழைய ஜீப்:
மூடிக் கணக்கை நினைத்துக்கூடப் பார்க்கவில்லை. சரி, எண்ணெய் விலை அதே உயரத்தில் நின்றிருந்தால்?

தந்திக்கம்பம்:
நிற்கவில்லையே. 1986ல் சரிந்து விழுந்தது. அடுத்த வருடமே க்ரம்மன் கம்பெனி செய்த எல்எல்வி (நெடுநாள் உழைக்கும் வண்டி என்று பொருள்) தபால் வண்டிகள் வரத் தொடங்கின, அலுமினியப் பாடி, சாதாரண நான்கு சிலிண்டர் பெட்ரோல் எஞ்சின், குளிரோ வெயிலோ கிளம்பிவிடும். லட்சத்துக்கும் மேல் வாங்கினார்கள், எலக்ட்ரக்கைத் திரும்பிப் பார்க்க யாருக்கும் காரணமில்லை.

இன்னொன்று, எலக்ட்ரக் முதல் முயற்சியும் இல்லை. 1899லேயே நியூயார்க் மாநிலத்து பஃபலோவில் ஒரு மின்சாரக் காரை வைத்து 40 தபால் பெட்டிகளை ஒன்றரை மணி நேரத்தில் காலி செய்து காட்டினார்கள், குதிரை வண்டிக்கு அதைவிட இரண்டு மடங்குக்கு மேல் பிடிக்கும்.

மின்கம்பி:
2000ஐ ஒட்டி ஃபோர்டு ரேஞ்சர் மின்வண்டியை வைத்து 500 தபால் வேன்கள் செய்ததையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அதுவும் அந்த 500ஓடு சரி.