கய்யாமின் ஆட்டுத்தொடை எங்கே போனது? ஃபிட்ஸ்ஜெரால்டு செய்தது மொழிபெயர்ப்பா, அத்துமீறலா?

தேரூரான்

நேற்று மாடியில் உட்கார்ந்து பேத்திக்குக் கவிமணியின் உமர் கய்யாம் பாடல்களைச் சொல்லிக்கொண்டிருந்தேன். "கையில் கம்பன் கவியுண்டு, கலசம் நிறைய மதுவுண்டு" என்ற இடம் வந்ததும், "உமர் கய்யாமுக்குக் கம்பனைத் தெரியுமா தாத்தா?" என்று கேட்டுவிட்டாள்.

தெரியாது. கய்யாம் 1131-இல் இறந்த, ஈரானின் நிசாப்பூர்க்காரர், கணித மேதை. கவிமணி பார்த்தது பாரசீக மூலத்தை அல்ல, எட்வர்டு ஃபிட்ஸ்ஜெரால்டு 1859-இல் வெளியிட்ட ஆங்கிலத்தை. அங்கே இருப்பது 'ஒரு கவிதை நூல்', அவ்வளவுதான். அந்த நூலைக் கம்பனாக்கியது கவிமணி.

ஃபிட்ஸ்ஜெரால்டை இன்று பலர் குறை சொல்கிறார்கள்: கலைத்துப்போட்டார், சேர்த்தார், விட்டார் என்று. என் கட்சி இதுதான். அவர் அப்படிச் செய்யாமல் சொல்லுக்குச் சொல் வைத்திருந்தால், நிசாப்பூரிலிருந்து கிளம்பிய பாட்டு தேரூர் மாடிவரை வந்திருக்காது. 1859-இல் தன் நண்பருக்கு எழுதிய கடிதத்தில் அவரே சொல்கிறார்: பஞ்சடைத்துப் பாடம் செய்த கழுகைவிட உயிருள்ள சிட்டுக்குருவி மேல். எனக்கு அந்தக் குருவி போதும்.

மீரான்_காயல்

அண்ணாச்சி, கவிமணியைப் பற்றி ஒரு சொல் குறைவாகப் பேசமாட்டேன். ஆனால் அந்தக் குருவிக்காக எதை அறுத்தார்கள் என்று பார்க்க வேண்டும்.

துபாயில் ஈரானியர் ஒருவர் கடையில் பதினொரு வருஷம் கணக்கு எழுதினேன். சாயங்காலம் தேநீர் வரும்போது முதலாளியின் சித்தப்பா ருபாயி (பாரசீக நாலடிப் பாட்டு) சொல்வார். நான் பாரசீகம் கற்றுக்கொண்டது அப்படித்தான். நீங்கள் சொல்லும் அதே பாட்டை அவர் சொன்னபோது நான் திகைத்துப்போனேன். மூலத்தில் இருப்பது இது: கோதுமையின் உள்மாவில் செய்த ரொட்டி, இரண்டு 'மன்' மது (நம் மணங்கு மாதிரி ஓர் எடை), ஓர் ஆட்டுத்தொடை, பாழிடத்தில் துலிப் முகத்தாள் ஒருத்தியோடு இருப்பு. இந்தச் சுகம் எந்தச் சுல்தானுக்கும் எட்டாது என்று முடிகிறது.

ஆட்டுத்தொடை எங்கே? ஃபிட்ஸ்ஜெரால்டின் மரத்தடியில் ரொட்டி இருக்கிறது, மது இருக்கிறது, கறி இல்லை. இரண்டு மணங்கு மது ஒரு குடுவையாகச் சுருங்கிவிட்டது. பசித்து, வயிறாரத் தின்று, குடிக்கிற ஒரு மனிதனை எடுத்துவிட்டு, மெலிந்த விக்டோரியாக் கனவான் ஒருவரை அங்கே உட்கார வைத்திருக்கிறார். பக்கத்தில் பாடுகிற பெண்ணும் அவர் சேர்த்தது. "தெரிந்து பாட நீயுமுண்டு" என்று கவிமணி எழுதியதற்கு வேர் பாரசீகத்தில் இல்லை, ஆங்கிலத்தில்தான்.

கடிதம் என்றால் 1857-இல் எழுதியதையும் சொல்லுங்கள். இந்தப் பாரசீகர்களிடம் இஷ்டப்படி உரிமை எடுத்துக்கொள்வது தனக்குப் பொழுதுபோக்கு, தன்னைப் பயமுறுத்தும் அளவுக்கு அவர்கள் கவிஞர்கள் இல்லை, அவர்களுக்கு வடிவம் கொடுக்கக் கொஞ்சம் கலை தேவைப்படுகிறது என்று எழுதினார். அண்ணாச்சி, இதே வார்த்தையைக் கம்பனைப் பற்றி ஒரு வெள்ளைக்காரர் எழுதியிருந்தால் நாம் சும்மா இருப்போமா?

தேரூரான்

அந்தக் கடிதம் எனக்கும் கசக்கத்தான் செய்கிறது, மீரான் பாய். அதற்கு நான் வக்காலத்து வாங்க வரவில்லை.

ஆட்டுத்தொடை விஷயத்தில் மட்டும் ஒரு திருத்தம். எட்வர்டு ஹெரான்-ஆலன் என்பவர் 1899-இல் ஃபிட்ஸ்ஜெரால்டின் ஒவ்வொரு பாட்டையும் பாரசீக மூலத்தோடு ஒப்பிட்டு ஒரு நூல் போட்டார். 101 பாடல்களில் 49, ஒவ்வொன்றும் ஒரே ஒரு பாரசீகப் பாட்டைத் தழுவியவை. 44, ஒன்றுக்கு மேற்பட்ட பாடல்களைச் சேர்த்து நெய்தவை. நாம் பேசும் பாட்டு அந்த இரண்டாம் வகை. அதற்கு இன்னொரு மூலமும் உண்டு: ஒரு குடுவைச் சிவந்த மது, ஒரு திவான் (கவிதைத் தொகுப்பு), உயிர் நிற்க அரை ரொட்டி, பாழிடத்தில் நீயும் நானும், இது சுல்தானின் நாட்டைவிட மேல். இந்தப் பாட்டில் கறியே கிடையாது! கவிதை நூல் வந்தது இங்கிருந்துதான். அவர் அதைக் கற்பனையாகச் சேர்க்கவில்லை.

சுல்தானையும் அவர் துரத்திவிடவில்லை. முந்தைய பாட்டிலேயே சிம்மாசனத்தில் இருக்கும் சுல்தான் மஹ்மூதுக்காக இரக்கப்படச் சொல்கிறார்.

பாரசீகச் சுவடிகளில் ருபாயிகளை எப்படி அடுக்குவார்கள் என்பது உங்களுக்குத் தெரிந்ததுதான். இயைபின் கடைசி எழுத்தைப் பார்த்து அகர வரிசையில். சாவைப் பற்றிய பாட்டுக்குப் பக்கத்திலேயே கிண்டல் பாட்டு நிற்கும். ஃபிட்ஸ்ஜெரால்டு அவற்றை ஒரு நாளாக அடுக்கினார். சூரியன் எழும்போது தொடங்கி நிலா எழும்போது முடியும். சிதறிக் கிடந்த நாலடிகள் ஒரு வாழ்க்கையாகச் சேர்ந்தது அந்த அடுக்கில்தான். 1859-இல் 75 பாட்டு, 1868-இல் 110, 1872-இல் 101 என்று திருத்திக்கொண்டே இருந்தார். உயிரோடு இருந்தவரை எந்தப் பதிப்பிலும் தன் பெயரைப் போடவில்லை. பொழுதுபோக்காகத் தொடங்கியிருக்கலாம், முடித்தது அப்படியல்ல.

பழுப்புத்தாள்

குறுக்கே வருவதற்கு மன்னிக்கவும். பழைய புத்தகம் சேர்ப்பவன் என்பதால் ஒரு தகவல்.

முதல் பதிப்பு 250 பிரதி. லண்டன் புத்தக வியாபாரி குவாரிச் ஒரு ஷில்லிங் விலை வைத்தார். விற்கவில்லை. கடைசியில் கடை வாசலில் ஒரு பென்னிப் பெட்டியில் கிடந்தது. 1861-இல் அதைக் கண்டெடுத்து, கவிஞர் ரொசெட்டியின் கைக்குப் போக வைத்தவர் விட்லி ஸ்டோக்ஸ் என்ற ஐரிஷ் அறிஞர். அவர் அடுத்த வருஷமே கப்பலேறிச் சென்னைக்கு வந்தார். 1862-இல் ஆசிரியரின் அனுமதி இல்லாமலே அந்த நூலைச் சென்னையில் அச்சிட்டார். இங்கிலாந்தில் இரண்டாம் பதிப்பு வர அதன்பின் ஆறு வருஷம் ஆனது.

மூலச் சுவடிகளில் ஒன்றும் இந்தியாவிலிருந்தே போனது. ஃபிட்ஸ்ஜெரால்டுக்குப் பாரசீகம் கற்றுக்கொடுத்த நண்பர் கவெல், கல்கத்தா ஆசியக் கழகத்தில் இருந்த சுவடியைப் படியெடுத்து அனுப்பினார். இந்தக் கதையில் நம் மண்ணின் தூசி நிறையவே ஒட்டியிருக்கிறது.

மீரான்_காயல்

பழுப்புத்தாள் சொன்னது எனக்குப் புதுசு. நன்றி.

அண்ணாச்சி, இரண்டு மூலம் என்பதை ஒத்துக்கொள்கிறேன். ஹெரான்-ஆலனை நான் பார்த்ததில்லை. ஆனால் இரண்டு பாட்டு கையில் இருக்கும்போது கறி இருக்கும் பாட்டை விட்டு, நூல் இருக்கும் பாட்டை எடுத்தாரே, அந்தத் தேர்வைத்தான் கேட்கிறேன். அப்படித் தேர்ந்து தேர்ந்துதான் உலகத்துக்கு ஒரு கய்யாம் செய்து கொடுத்தார். 12-ஆம் நூற்றாண்டுப் பாரசீக எழுத்தாளர் நிஜாமி அரூஜி கய்யாமைப் பற்றி எழுதும்போது கவிஞர்கள் பகுதியில் வைக்கவில்லை, வானநூலார் பகுதியில் வைத்தார். முப்படிச் சமன்பாடுகளைத் தீர்த்த மனிதர், 1079-இல் நாட்காட்டியைச் சீர்செய்தவர். இன்று மதுக்கடைக்குப் பெயர் வைக்க உதவுகிறார். எங்கள் ஊரில் "உமர் கய்யாம்" என்றால் குடிகாரப் பாட்டு என்று முகம் சுளிக்கும் பெரியவர்கள் உண்டு. அவர்களுக்கு நான் என்ன சொல்லட்டும்?

செம்புலம்

ரெண்டு பேரும் கழுகு அல்லது குருவி என்று மட்டும் பேசுகிறீர்கள். நான் தமிழிலிருந்து ஆங்கிலத்துக்கு மொழிபெயர்க்கிறவள். நடுவில் ஒரு வழி இருப்பதை நம் வீட்டுக்குள்ளேயே பார்க்கலாம்.

1962-இல் கவிஞரும் மொழிபெயர்ப்பாளருமான ஏ.கே. ராமானுஜன் சிகாகோ பல்கலைக்கழக நூலகத்தின் நிலவறையில் பழந்தமிழ் இலக்கணம் ஒன்று தேடப் போனார். கைக்குக் கிடைத்தது உ.வே.சா. பதிப்பித்த குறுந்தொகை. 1967-இல் அவருடைய ஆங்கில நூல் வந்தது. அதிலுள்ள "யாயும் ஞாயும் யாரா கியரோ" பாட்டின் ஆங்கிலம் லண்டன் சுரங்க ரயில் பெட்டிகளில் ஒட்டப்பட்டது. அந்த ஆங்கிலத்தின் கடைசிச் சொற்களைத் தலைப்பாக வைத்து 1995-இல் விக்ரம் சந்திரா ஒரு நாவலே எழுதினார். ஃபிட்ஸ்ஜெரால்டு மாதிரி அவர் எதையும் கலைத்து அடுக்கவில்லை. திணை, துறை, கூற்று எல்லாவற்றையும் வாசகனுக்கு விளக்கி, "இது இன்னொரு உலகம், நீ உள்ளே வா" என்று கூப்பிட்டார். மரியாதையும் உயிரும் சேர்ந்தே இருக்க முடியும்.

ஆனால் அங்கேயும் இழப்பு உண்டு. மூலம் "செம்புலப் பெயல்நீர்". ஒரே தொடர். செம்மண்ணில் பெய்து, ஏற்கெனவே சிவந்துவிட்ட நீர் அது. இனி மண் எது, மழை எது என்று பிரிக்க முடியாது. ராமானுஜனின் ஆங்கிலத்தில் செம்மண்ணும் கொட்டும் மழையும் ஓர் 'உம்'மை நடுவில் வைத்துக்கொண்டு இரண்டாக நிற்கின்றன. கலந்த பிறகான நீர் கலப்பதற்கு முந்தைய கணமாகிவிட்டது. அந்த 'உம்' இல்லாமல் சொல்ல முடியுமா என்று நானும் பல இரவு உட்கார்ந்து பார்த்தேன். முடியவில்லை. கன்னட வசனங்களை (சிவபக்திப் பாடல்கள்) மொழிபெயர்த்த விதத்துக்காக ராமானுஜனையும் 1992-இல் ஆய்வாளர் தேஜஸ்வினி நிரஞ்சனா கடுமையாக விமர்சித்தார்.

அதனால் மீரான் அண்ணன் பக்கம் ஒரு படி கூட நிற்கிறேன். விட்டதற்காக ஃபிட்ஸ்ஜெரால்டைக் குறை சொல்லமாட்டேன், எல்லாரும் விடுவோம். இவர்கள் கவிஞர்களே இல்லை என்று நினைத்துக்கொண்டு விட்டாரே, அது வேறு.

தேரூரான்

மகளே, அந்த 'உம்' என்னை ரொம்ப நேரம் யோசிக்க வைத்துவிட்டது. இத்தனை வருஷம் சொல்லிவரும் பாட்டு, நான் கவனிக்கவே இல்லை.

இருந்தாலும் என் கட்சியை முழுக்க விடமுடியாது. மூலத்துக்கு நெருக்கம் என்று பெயர் பெற்றவர்கள் கதையையும் பாருங்கள். 1967-இல் ஆங்கிலக் கவிஞர் ராபர்ட் கிரேவ்ஸ், 12-ஆம் நூற்றாண்டுச் சுவடியிலிருந்து செய்தது என்று ஒரு கய்யாமைக் கொண்டுவந்தார். அந்தச் சுவடியே இல்லை, அடிப்படை நான் மேலே சொன்ன ஹெரான்-ஆலன் நூல்தான் என்று அறிஞர்கள் காட்டினார்கள். அதற்கு முன்பு ஆர்பெரி போன்ற பெரிய பாரசீக அறிஞரே பழைய சுவடி என்று நம்பி மொழிபெயர்த்தவை பின்னால் போலி என்று தெரிந்தது. ஃபிட்ஸ்ஜெரால்டின் கையில் இருந்தவையாவது நிஜச் சுவடிகள்.

பெரியவர்களுக்கு என்ன சொல்வது என்று கேட்டீர்கள், மீரான் பாய். "எழுதிச் செல்லும் விதியின் கை" என்று தொடங்கும் பாட்டைச் சொல்லுங்கள். எங்கள் ஊரில் சாவு வீட்டில் அதைச் சொல்லி அழுதவர்களை நான் பார்த்திருக்கிறேன். அது குடிகாரப் பாட்டு இல்லை.

மீரான்_காயல்

சொல்லிப் பார்க்கிறேன் அண்ணாச்சி. ராத்திரி தூக்கம் வராமல் அந்த ஆட்டுத்தொடைப் பாட்டை நானே தமிழில் போட்டுப் பார்த்தேன். நான் கவிஞன் இல்லை. மூலத்தில் நாலு அடியும் ஒரே இயைபில் முடியும். முதல் அடியில் 'கைக்குக் கிட்டினால்' என்று ஒரு தொடர் வரும். அதற்கு 'வாய்த்தால்' சரியாக வந்து உட்கார்ந்தது.

கோதுமையின் உள்மாவில் ரொட்டி வாய்த்தால்,
கூடவே இருமணங்கு மது, ஆட்டுத்தொடை வாய்த்தால்,
பாழ்வெளியில் துலிப் முகத்தாள் பக்கம் வாய்த்தால்,
எந்தச் சுல்தானுக்கு இந்தச் சுகம் வாய்க்கும்?

செம்புலம்

'வாய்த்தால்' அருமை அண்ணா. இரண்டாவது அடி மட்டும் நீளம். 'கூடவே' மூலத்தில் உண்டா?

மீரான்_காயல்

இல்லை. மோனைக்காக நான் சேர்த்தது. எடுத்துவிடுகிறேன்.

தேரூரான்

எடுக்காதீர்கள்! அது இருந்தால்தான் பாட்டு மூச்சு விடுகிறது. 'துலிப்' தான் நாக்கில் ஒட்டவில்லை. நம் ஊர்ப் பிள்ளைகளுக்கு அந்தப் பூவே தெரியாது. தாமரை என்று போட்டால் என்ன?

மீரான்_காயல்

வேண்டாம் அண்ணாச்சி. 'கூடவே' இருக்கட்டும். ஆனால் அவள் நிசாப்பூர்ப் பெண். துலிப் துலிப்பாகவே இருக்கட்டும்.