ஸ்லோவாக் நடிகர் யோசெஃப் கிரோனரை நீங்கள் முதலில் பார்த்தது எங்கே?

ஸ்லோவாக்கியாவின் ஜிலினா நகரத்துக்குக் கார் ஆலை வேலையாக வந்த முதல் குளிர்காலம். லைனில் கூட வேலை பார்க்கும் பெரியவர் ஒரு ஞாயிறு மதியச் சாப்பாட்டுக்குக் கூப்பிட்டிருந்தார். டிவியில் 1975-ல் வந்த ‘பாஹோ’ என்ற கொள்ளைக்காரன் படம். பேரனிலிருந்து பாட்டி வரை நடிகர் வாய் திறக்கும் முன்பே வசனத்தைச் சொல்லிவிட்டுச் சிரிக்கிறார்கள். எனக்கு ஒரு வார்த்தை பிடிபடவில்லை. ஆனால் அந்தக் கொள்ளைக்காரன் முகம் உறுத்திக்கொண்டே இருந்தது. சூப் ஆறிப்போன பிறகுதான் பொறி தட்டியது: இது டோனோ! ‘தி ஷாப் ஆன் மெயின் ஸ்ட்ரீட்’ படத்தின் முடிவில் தூக்குப் போட்டுக்கொள்கிற தச்சன்! (பார்க்காதவர்கள் மன்னிக்கவும்.)

யோசெஃப் கிரோனர், 1924-ல் ஸ்டாஷ்கோவில் பிறந்தவர். சாட்சாவில் இறங்கி மாகோவ் ரயில் பிடித்தால் வரும் சின்ன ஊர். “எங்க கிசுத்செ பக்கத்து ஆளு” என்று பெரியவருக்கு ஒரே பெருமை. “ஆஸ்கர் வாங்கின படத்தில் நடித்தவர்தானே?” என்றேன். “ஆமா, அதிலேயும் நடிச்சார். தூண்டில் போடுறதுல பெரிய பைத்தியம்” என்றார்.

— — —

அண்ணா, எனக்கு அறிமுகமானதே அந்தத் தச்சன்தான். ஃபிலிம் சொசைட்டியில் பார்த்தேன். 1942, நாஜிகளோடு கைகோத்த ஸ்லோவாக் அரசு, யூதர் கடைகளைப் பிடுங்கி ‘ஆரிய மேற்பார்வையாளர்’ கையில் கொடுக்கிறது. டோனோவுக்குக் கிடைப்பது லவுட்மனோவா கிழவியின் பொத்தான் கடை. உள்ளே போய் ஆணைக் கடிதத்தை நீட்டுகிறார். கிழவிக்குக் காது கேட்காது. கடைசியில், ஒத்தாசைக்கு வந்த ஆள் என்று நினைத்துக்கொள்கிறாள். அங்கே கிரோனரைக் கவனியுங்கள். முதலாளியாக ஆக வந்தவர் முகத்தில் கோபம் ஏறுவதற்குள் கூச்சம் ஏறிவிடும். கையிலிருக்கும் காகிதத்தை எங்கே வைப்பதென்றே தெரியாமல் நிற்பார்.

யூதர்களை வண்டியேற்றும் அந்தக் கடைசிப் பகுதியைச் சொல்லவே வேண்டாம். வெளியே சதுக்கத்தில் பெயர் கூப்பிடுகிறார்கள். உள்ளே குடித்துவிட்டு, கிழவியை ஒளித்துவைப்பதா, வெளியே தள்ளுவதா என்று அல்லாடுகிறார். ஒரு நொடி இரக்கம், மறுநொடி தன் உயிர் பயம். ஹீரோ முகமுள்ள நடிகர் செய்திருந்தால் நம்பியிருக்க மாட்டேன். பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்திருப்பவர் மாதிரி முகம் இருந்ததால்தான் வயிற்றைப் பிசைந்தது.

கிழவியாக நடித்த ஈடா காமின்ஸ்கா போலந்தின் இத்திஷ் (கிழக்கு ஐரோப்பிய யூதர்களின் மொழி) நாடக மேடையிலிருந்து வந்தவர். அவருக்கு ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது, கிரோனருக்கு இல்லை. எனக்கு இது இன்னும் ஆறவில்லை. 1965 கான் விழாவில் மட்டும் இருவரையும் சேர்த்தே சிறப்பாகக் குறிப்பிட்டார்கள்.

— — —

நான் மகள் வழியாக அப்பாவிடம் போனவள். 2017-ல் வந்த செக் படம் ஒன்றில், வயதான காலத்தில் பனித்தண்ணீரில் நீந்தப் பழகும் விதவையாக ஸுஸானா கிரோனரோவா நடித்திருந்தார். பெயரைத் தேடிப் போனால் அப்பா கிரோனர், அம்மா தெரேசியாவும் நடிகை, சித்தப்பா லுதோவீத்தும் நடிகர்! அப்புறம்தான் ‘ஆயிரம் வயதுத் தேனீ’ பார்த்தேன் (1983, யாகுபிஸ்கோ படம்). அதில் கிரோனர் ஒரு குடும்பத்தின் பெரியவராக வருகிறார். மற்றவர்கள் நடிக்கிறார்கள், இவர் அந்த வீட்டிலேயே பிறந்து வளர்ந்த மாதிரி இருக்கிறார். 1998 மார்ச்சில், 74-ஆவது பிறந்தநாளுக்கு எட்டு நாள் இருக்கும்போது போய்விட்டார்.

‘பாஹோ’ சப்டைட்டிலோடு எங்காவது கிடைக்குமா, அண்ணா?

— — —

கிடைத்தாலும் பிரயோஜனம் இருக்குமா தெரியவில்லை, தங்கச்சி. அன்றைக்குப் பெரியவர் ஒரே ஒரு ஜோக்கை எனக்குப் புரியவைக்கப் படாதபாடு பட்டார். கை, கால், முட்டைக்கோஸ் தட்டு எல்லாவற்றையும் வைத்து விளக்கினார். அவர் முடிப்பதற்குள் படத்தில் அடுத்த இரண்டு ஜோக் போய்விட்டது. பாட்டி அவரைத் திட்டினார். அது மட்டும் எனக்கு நன்றாகவே புரிந்தது.