பக்கத்து மனையில் அனுமதி வாங்கித்தான் கட்டுறாங்க. எங்க தறிவீட்டுச் சுவருக்கு யாரு பொறுப்பு?

தறிவீட்டுப் பொண்ணு:
சேலம் குகைப் பகுதியில எங்க வீடு, தாத்தா கட்டினது. மண்சுவர், ஓட்டுக்கூரை. பின்கட்டுல குழித்தறி, அப்பா இன்னும் வெண்பட்டு வேட்டி நெய்யறார். தறிக்குத் தெற்கால ஒரே ஜன்னல். வெள்ளைப் பாவுல (நீள இழை) வெள்ளை ஊடை (குறுக்கிழை) ஓடறப்போ இழை அறுந்தா அந்த வெளிச்சத்துலதான் கண்ணுல படும். டியூப்லைட்டுல ஏமாந்துருவோம்.

தெற்கு மனையை வாங்கினவர் போன வாரம் ஜேசிபி விட்டு எங்க சுவரை ஒட்டியே ஆள் ஆழத்துக்கு அஸ்திவாரக் குழி தோண்டிட்டார். தறிக்குழி ஓரத்துல விரல் நுழையற விரிசல். போய்க் கேட்டா போன்ல சுயசான்று அனுமதியைக் காட்டறார், கீழ்த்தளமும் மேல ஒரு மாடியும். "கார்ப்பரேஷனே குடுத்துட்டாங்க, அப்புறம் என்னங்க?"ங்கறார். மனுஷன் மோசமில்லீங்க, பூமி பூஜைப் பொங்கல்கூடக் குடுத்தனுப்பினார். அனுமதி இருந்தா நாங்க பேசக்கூடாதா?

பழைய குமாஸ்தா:
தாராளமாப் பேசலாம்மா. நான் 31 வருஷம் அஸ்தம்பட்டி கோர்ட்டுல வக்கீல் குமாஸ்தாவா இருந்தவன்.

அந்தச் சுயசான்றுத் திட்டம் 2024 ஜூலையில வந்துச்சு. மனை 2,500 சதுர அடிக்குள்ள, கட்டடம் 3,500 சதுர அடிக்குள்ளன்னா ஆன்லைன்ல உடனே கிடைச்சிடும், முன்கூட்டி யாரும் இடத்தை வந்து பார்க்கறதில்ல. பக்கத்துல நிக்கறது மண்சுவர்னு அந்தக் காகிதத்துக்கு எப்படித் தெரியும்? கட்டட விதி வேற, உங்க ரெண்டு பேருக்குள்ள இருக்கற உரிமை வேற. ரெண்டாவதைச் சொல்ல வேண்டியது சிவில் கோர்ட்டு.

நானா இருந்தா வழக்குல ஜன்னலைப் பின்னால தள்ளி, சுவரை முன்னால வெப்பேன். 1882 ஈஸ்மென்ட் சட்டம் (அடுத்தவர் இடத்து மேல நமக்கு இருக்கற உரிமையைச் சொல்றது) 15-வது பிரிவுல, அடுத்தவர் மண் உங்க கட்டடத்தை 20 வருஷம் தடையில்லாம தாங்கியிருந்தா அது உங்க உரிமையாயிடும். வெளிச்சத்துக்கும் அதே 20 வருஷம்தான், ஆனா கொஞ்சம் மங்குச்சுன்னு சொன்னா ஜட்ஜ் கேக்க மாட்டார். 33-வது பிரிவைப் படிங்க: வழக்கமா செய்யற தொழிலை முன்ன மாதிரி செய்ய முடியாம போனா அது நஷ்டம். அப்பா தறியில உக்காந்திருக்கறதே உங்களுக்குச் சாட்சி.

கான்கிரீட் விழறதுக்குள்ள தாவா (சிவில் வழக்கு) போட்டு, இடைக்காலத் தடை மனுவோட, கோர்ட்டு அனுப்பற வக்கீல் ஆணையர் கேட்டும் மனு போடச் சொல்லுங்க. ஆணையர் நேர்ல வந்து விரிசலை அளந்து எழுதிட்டா அப்புறம் "அது பழைய விரிசல்"னு வாதாடறது கஷ்டம். வீட்டு வரி ரசீது, பழைய போட்டோ எல்லாத்தையும் தேடி வையுங்க.

அம்மாபேட்டைக்காரன்:
நான் எதிர்ப்பக்கம் நின்னவங்க. வீடு கட்டறப்போ பக்கத்து வீட்டுக்காரர் ஜன்னலைக் காட்டித் தடை வாங்கிட்டார். 11 மாசம் வேலை நின்னு, நட்டு வெச்ச கம்பியெல்லாம் துரு. கடைசியில ஜன்னல் வெச்சே ஆறு வருஷம்தான்னு தெரிஞ்சு மனு தள்ளுபடி ஆச்சு. இப்போ நாங்க ரெண்டு வீடும் பேசறதில்ல, கல்யாணப் பத்திரிகைகூட வெக்கறதில்ல.

அதனால முதல்ல மண் சரியாம தாங்கற அணைசுவர் கேளுங்க. அதுக்கு ஆகற செலவு கோர்ட்டுச் செலவைவிடக் கம்மின்னு அவருக்கும் புரியும். கேட்கறதை வாயால கேட்காம வக்கீல் நோட்டீஸாவே குடுங்க. அவரும் கேவியட் (தன்னைக் கேக்காம தடை குடுக்கக் கூடாதுன்னு கோர்ட்டுல முன்கூட்டியே போடற மனு) போட்டிருக்கலாம், அது 90 நாள் நிக்கும். போட்டிருந்தா உங்களுக்குப் பதிவுத்தபால் வந்திருக்கும், அம்மாகிட்ட கேட்டுப் பாருங்க. எங்க வீட்டுல அதைக் கரண்ட் பில்லோட சேர்த்துக் கட்டி வெச்சிருந்தாங்க!

தறிவீட்டுப் பொண்ணு:
தபால் எதுவும் வரலீங்க. அப்பா அம்மா கல்யாண போட்டோ கிடைச்சிடுச்சு, 1987. ரெண்டு பேருக்கும் பின்னால அதே ஜன்னல், அதே கம்பி.

அவரோட மேஸ்திரிதான் முதல்ல பயந்திருக்கார். அவரே வந்து பார்த்துட்டு, மண்ணைத் திருப்பிக் கொட்டிட்டு அணைசுவர் போடலாம்னு சொல்லிட்டுப் போனார். வாங்கினவர் இன்னும் சரின்னு சொல்லல. திங்கக்கிழமை நோட்டீஸ் போகுது. அதுவரைக்கும் அப்பாவைத் தறிக்குழியில இறங்க வேண்டாம்னு சொல்லியிருக்கேன். பாவு பாதியில நிக்குது.